707-ஆவது காலாட்படை டிவிஷன்: கெரில்லா வேட்டையா, படுகொலையா?

குணாளன்:
இரண்டாம் உலகப் போரில் ஜெர்மனி ஆக்கிரமித்திருந்த பெலாரஸில் யூதர்களைக் கொன்றவை நாஜிக் கட்சியின் ஆயுதப் படையான எஸ்.எஸ்.-உம் ஜெர்மன் காவல்துறையின் பட்டாலியன்களுமே. ஜெர்மன் தரைப்படையின் 707-ஆவது டிவிஷனையும் அந்த வரிசையில் நிறுத்துவது நியாயமன்று. 1941 மே மாதத்தில் அமைக்கப்பட்ட அதில் வழக்கமான மூன்றுக்குப் பதிலாக 727, 747 என இரண்டே ரெஜிமென்ட்கள் (டிவிஷனின் உட்பிரிவுகள்) இருந்தன. வீரர்களில் வயது கூடியவர்களே அதிகம். அத்தனை சிறிய படையிடம் பரந்த காட்டுப் பகுதியை ஒப்படைத்தால், கெரில்லாக்களுக்கு அஞ்சி அத்துமீறியிருக்கலாம். அதைத் திட்டமிட்ட இனப்படுகொலை என்று நான் சொல்லமாட்டேன்.

தேன்மொழி:
குணாளன் அவர்களே, அந்த டிவிஷனே அனுப்பிய அறிக்கையின் எண்களைப் பாருங்கள். 1941 இலையுதிர்காலத்தில் ஒரே மாதத்தில் பிடிபட்டவர்கள் 10,940 பேர். அவர்களில் 10,431 பேர் சுடப்பட்டனர். டிவிஷன் தரப்பில் இறந்தவர்கள் 2 பேர், காயமுற்றவர்கள் 5 பேர். சுடப்பட்டவர்கள் உண்மையிலேயே ஆயுதம் தாங்கிய கெரில்லாக்களாக இருந்திருந்தால், கொன்றவர்களின் இழப்பு இரண்டோடு நின்றிருக்குமா?

அச்சத்தில் நிகழும் அத்துமீறலை எவரும் முன்கூட்டியே உத்தரவாக எழுதி வைப்பதில்லை. இந்த டிவிஷனின் தளபதி பெக்டோல்ஸ்ஹைம் எழுதி வைத்தார்: நாட்டுப்புறங்களிலிருந்து யூதர்கள் மறைய வேண்டும், ஜிப்சிகளும் அழிக்கப்பட வேண்டும் என்கிறது 1941 நவம்பர் 24 உத்தரவு. நீங்கள் சொல்லும் காவல் பட்டாலியன்களின் கதையும் தனிக்கதையன்று. 1941 அக்டோபர் இறுதியில் ஸ்லுட்ஸ்க் நகரில் யூதர்களைக் கொன்று குவித்த 11-ஆவது காவல் பட்டாலியன், அப்போது இந்த டிவிஷனின் கீழ்தான் இயங்கியது. அங்கு நடந்த கொடுமையைப் பற்றி அவ்வூரின் நாஜி நிர்வாகியே தம் மேலதிகாரிக்கு முறையீடு எழுதினார்.

குணாளன்:
எண்களை மறுக்க வழியில்லை. கெரில்லா வாதத்தை விட்டுவிடுகிறேன். ஆனால் இது பின்னணிப் பகுதியின், அதாவது போர்முனைக்குப் பின்னால் கைப்பற்றிய நிலத்தின், ஆக்கிரமிப்புப் படை. வெறுப்பில் ஊறிய ஒரு தளபதியை வைத்து, போர்முனையில் நின்ற நூற்றுக்கும் மேற்பட்ட டிவிஷன்களை எடைபோடுவது எப்படிச் சரியாகும்? உத்தரவு வந்தபின் கீழே உள்ளவன் மறுத்தால் அவன் தலையல்லவா உருளும்?

பழனிவேல்:
உருளவில்லை ஐயா. அதே அக்டோபரில் 339-ஆவது காலாட்படை டிவிஷனைச் சேர்ந்த 691-ஆவது ரெஜிமென்ட்டின் முதல் பட்டாலியனில், தத்தம் பகுதியிலுள்ள யூதர்களைக் கொல்லுமாறு மூன்று கம்பெனித் தலைவர்களுக்கு உத்தரவு வந்தது. ஒருவர் உடனே நிறைவேற்றினார். ஜோசப் சிபில் மறுத்தார். அதற்காக அவர் தண்டிக்கப்படவில்லை. ஃப்ரீட்ரிஷ் நோல் தயங்கி, எழுத்தில் உத்தரவு கேட்டார். வந்ததும் அதைத் தம் கீழதிகாரியிடம் தள்ளிவிட, குருச்சா கிராமத்து யூதர்கள் சுடப்பட்டனர். போருக்குப் பின் டார்ம்ஸ்டாட் நீதிமன்றம் நோலைக் குற்றவாளி என்றே தீர்ப்பளித்தது. கையில் காகிதம் இருந்தும் அது அவரைக் காக்கவில்லை என்பதைக் கவனியுங்கள்.

குணாளன்:
சிபில் செய்தி எனக்குப் புதிது. மறுக்கவே முடியாது என்றதைத் திரும்பப் பெறுகிறேன். எனினும் 339-உம் அப்போது பின்னணிப் பகுதியில்தான் இருந்தது. போர்முனை டிவிஷன்களைப் பற்றிய என் கேள்வி அப்படியே நிற்கிறது.

தேன்மொழி:
நிற்கட்டும், அதற்கு டிவிஷன் டிவிஷனாக ஆவணங்களைப் புரட்டத்தான் வேண்டும். ஆனால் பின்னணி, போர்முனை என்று நீங்கள் போடும் கோடு நிலையானதன்று. இதே 707-ஆவது டிவிஷன் பிற்பாடு போர்முனைக்கு அனுப்பப்பட்டு, 1944 ஜூனில் சோவியத் படைகளின் பெருந்தாக்குதலில் பாப்ரூயிஸ்க் அருகே அழிந்தது. அன்றைய வரைபடத்தில் அதுவும் போர்முனைக் காலாட்படை டிவிஷன்தான்.