சல்லடத்தைக் கழற்றி வைத்தவனைப் பற்றி ஏதாவது படம் இருக்கிறதா?

கல்லிடை_சர்வீஸ்:

அண்ணாச்சிமாரே, ஒரு படம் சொல்லுங்கள். சுற்றி வளைத்துத்தான் கேட்கப்போகிறேன், பொறுத்துக்கொள்ளவும்.

கல்லிடைக்குறிச்சிக்குப் பக்கத்தில் சின்ன ஊர் எங்களுடையது. அப்பா கொத்தனார். ஆனால் ஊருக்கு அவர் சுடலைமாடனின் கோமரத்தாடி, அதாவது சாமி இறங்கி ஆடுகிறவர். 31 வருடம் ஆடினார். கொடை என்கிற கோயில் திருவிழா அன்றைக்குச் சல்லடம் என்ற மணி வைத்த சாமி உடுப்பைக் கட்டி, குல்லாய் வைத்து, ஒரு கையில் வல்லய ஈட்டியும் மறு கையில் தீப்பந்தமுமாக நின்றால் அவரை ‘அப்பா’ என்று கூப்பிட எனக்கு வாய் வராது. நடுச்சாமத்தில் மகுட மேளம் உச்சத்துக்குப் போனதும் மயான வேட்டைக்கு ஓடுவார். எங்கள் ஊர் வழக்கப்படி யாரும் பின்னால் போகக்கூடாது, திரும்பி வரும்போது எதிரே நிற்கவும் கூடாது. அவர் வந்து திருநீறு போட்டால்தான் அடுத்த கொடை வரைக்கும் ஊருக்குக் காவல்.

ஊர் பார்த்தது அவ்வளவுதான். எனக்குத் தெரிந்தது மறுநாள் காலை. திண்ணையில் காலை நீட்டி உட்கார்ந்திருப்பார். அம்மா உப்புப் போட்ட வெந்நீரில் துணியை முக்கி முட்டிக்கு ஒத்தடம் கொடுப்பாள். உள்ளங்காலில் ஏறிய உடைமுள்ளை ஊக்கால் நெம்பி எடுப்பது என் வேலை. ஒரு வருடம் எண்ணிப் பார்த்தேன், 14 முள். அந்த நேரத்திலும் யாராவது வாசலில் வந்து நிற்பார்கள். ‘மாட்டைக் காணோம், ஒரு வார்த்தை சொல்லணும்.’ சாமி ராத்திரியே மலையேறிவிட்டது. இருந்தாலும் அப்பா சுவரைப் பிடித்து எழுந்து திருநீற்றுக் கொப்பரையைத் தேடுவார்.

பள்ளிக்கூடத்தில் படிக்கும்போது ஸ்பைடர் மேன் இரண்டாம் பாகம் பார்த்தேன், 2004-ல் வந்தது. ஸ்பைடர் மேனான பீட்டர் தன் உடுப்பை மற்றத் துணிகளோடு மெஷினில் போட்டுச் சாயம் ஏறி வெள்ளையெல்லாம் வீணாகும். தியேட்டரே சிரித்தது. அப்பாவின் சிவப்புக் கச்சையோடு ஊறி ரோஸ் நிறமான என் யூனிபார்ம் சட்டை ஞாபகம் வந்து நான் மட்டும் சும்மா இருந்தேன். அப்புறம் அவன் அந்த உடுப்பைச் சந்தில் உள்ள குப்பைத்தொட்டியில் போட்டுவிட்டு நடந்து போவான். அதைப் பார்த்த அன்றைக்கு எனக்குத் தூக்கம் வரவில்லை. இப்படியும் செய்யலாமா என்று.

அப்பா தவறி ஒன்றரை வருடம் ஆகிறது. போன கொடைக்குத் தீட்டு என்று தப்பித்தேன். இந்த வருடக் கொடைக்கு வெள்ளிக்கிழமை கால்நாட்டு, பந்தக்கால் ஊன்றுகிற நாள். பெரியப்பா தினமும் கடைக்கு வந்து ஒரு டீ குடித்துவிட்டு, ஒன்றும் சொல்லாமல் போகிறார். நானோ செல்போனுக்கு டிஸ்ப்ளே மாற்றி, சார்ஜிங் பின் போட்டுப் பிழைக்கிறவன். எனக்கு இதுவரை மேல் சிலிர்த்ததுகூட இல்லை.

கேள்வி இதுதான். இந்தப் படங்களில் உடுப்பைக் கழற்றுகிறவன் எல்லாம் கடைசியில் எடுத்து மாட்டிக்கொள்கிறான். கழற்றியவனைக் கழற்றியபடியே விட்ட படம் இருக்கிறதா?

பாளை_பஸ்டாண்டு:

ஹேன்காக், 2008. வில் ஸ்மித் குடித்துவிட்டுப் பெஞ்சில் படுத்துக் கிடப்பார். எழுப்பிவிட்டால் பறந்து போய்க் காப்பாற்றுவார், கூடவே பாதி ரோட்டையும் உடைத்துவிடுவார். ஊரே திட்டும். உங்க கேள்விக்குப் பதில் இல்லைதான், ஆனா மனசு லேசாகும்.

மேலப்பாளையம்_டைலர்:

தம்பி, துவைக்கிற சீனைச் சொன்னீங்க, லிப்ட் சீனை விட்டுட்டீங்களே. அதே படம்தான். சக்தி போய் நூல் வராமல், பீட்டர் அந்த உடுப்போடு லிப்டில் இறங்குவான். கூட நிற்கிற ஆள் உடுப்பு நல்லா இருக்குதுன்னு சொல்ல, அரிக்குது, தொடை இடுக்கில் பிடிக்குதுன்னு இவன் பதில் சொல்லுவான். ஊசி பிடிக்கிறவன் எவனும் அந்த இடத்தை மறக்கமாட்டான். கொடை சீசனில் எங்க கடைக்கும் சல்லடம் தைக்க வரும். வெல்வெட், ஜரிகை, உள்ளே கெட்டி லைனிங், சுத்தி மணி. சித்திரை வெயிலில் அதைக் கட்டிக்கிட்டு அரை மணி நேரம் நின்றால் தெரியும். ஆளுங்க அளவு கொடுக்கும்போது ஒரே ஒரு விஷயம்தான் கேட்பாங்க, ‘தொடைப் பக்கம் கொஞ்சம் லூசா வைங்க பாய்’.

நான் சொல்ற படம் மின்னல் முரளி. 2021 டிசம்பர் 24 நெட்பிளிக்ஸில் வந்தது. டொவினோ தாமஸ் நம்ம தொழில், டெய்லர். ஊரைக் காப்பாத்துற எண்ணமே கிடையாது, அமெரிக்கா போகணும், அவ்வளவுதான். ஆனா எனக்கு அதில் பிடிச்சது நம்ம குரு சோமசுந்தரம் செய்த ஷிபுதான். ரெண்டு பேர் மேலயும் ஒரே ராத்திரிதான் மின்னல் விழுது. டெய்லருக்கு ‘நீங்க சூப்பர் ஹீரோ’ன்னு நம்புற மருமகப் பொடியன் ஒருத்தன் இருக்கான். ஷிபுவை ஊர் பைத்தியம்னு ஒதுக்கி வச்சிருக்கு. மாட்டைக் காணோம்னு அவன் வாசலில் யாரும் வந்து நின்னதில்லை, பார்த்துக்கோங்க.

களக்காட்டு_வாத்தியார்:

ஓய்வு பெற்றுவிட்டேன், படம் பார்க்க நேரம் உண்டு. தம்பி கேட்டதற்கு நேரான பதில் 2012-ல் வந்த தி டார்க் நைட் ரைசஸ். இயக்குநர் நோலனின் மூன்றாவது பேட்மேன் படம். அதற்கு முந்தின படத்தில் ஹார்வி டென்ட் செய்த கொலைகளைப் பேட்மேன் தன் தலையில் போட்டுக்கொண்டு ஓடுவான். எட்டு வருடம் வீட்டுக்குள் முடங்கிக் கிடந்து, கைத்தடி ஊன்றி வருகிறான். டாக்டர் பார்த்துவிட்டு முட்டியில் ஜவ்வே இல்லை என்கிறார். உங்கள் அப்பாவின் ஒத்தடத்தைப் படித்ததும் அதுதான் நினைவுக்கு வந்தது. எத்தனை மாடி குதித்திருப்பான், மூட்டு தேயாதா? இந்த வகைப் படங்கள் காயத்தைக் காட்டும், தேய்மானத்தைக் காட்டாது. இது காட்டியது.

முடிவில் ஊர் அவனைச் செத்தவன் என்று நம்புகிறது, சிலை வைக்கிறது. அவனோ ப்ளாரன்ஸில் ஒரு காபிக் கடையில் உட்கார்ந்திருக்கிறான். கழற்றியது கழற்றியதுதான். ஆனால் சாமான் சும்மா கிடக்கவில்லை தம்பி. அந்தக் குகைக்குள் வேறொரு பையன் வந்து நிற்பதோடுதான் படம் முடிகிறது.

1980-ல் வந்த சூப்பர்மேன் இரண்டாம் பாகத்தைப் பார்க்காதீர்கள். காதலுக்காகச் சக்தியை விட்டவன் ஒரு சாப்பாட்டுக் கடையில் அடி வாங்கி, ரத்தத்தைத் தொட்டுப் பார்த்து, அழுதுகொண்டே திரும்பிப் போவான். விட்டால் இப்படித்தான் உதை விழும் என்று மிரட்டுகிற மாதிரி எனக்குப் பட்டது. லோகன் (2017) பாருங்கள். அதில் அவன் காப்பாற்றுகிற ஆள் வயசான சார்லஸ். மாத்திரை கொடுக்கணும், தூக்கிக் கழிப்பறைக்குக் கொண்டுபோகணும். அப்பாவைக் கடைசியில் நீங்கள்தானே பார்த்திருப்பீர்கள்.

வைகுண்டம்_ரயிலடி:

படம் சொல்ல வரவில்லை, ஒரு விஷயம் சொல்லிவிட்டுப் போகிறேன்.

2023 டிசம்பர் 17 ராத்திரி திருச்செந்தூரில் ரயில் ஏறி ஸ்ரீவைகுண்டத்தில் மாட்டிக்கொண்ட 800 பேரில் நானும் ஒருவன். காயல்பட்டினத்தில் மட்டும் 24 மணி நேரத்தில் 95 செ.மீ. பெய்த மழை அது. வண்டியை நிறுத்தி வைத்துவிட்டார்கள். எங்கள் பெட்டியில் ஒரே முணுமுணுப்பு. மெதுவாக ஓட்டிக்கொண்டு போனால் திருநெல்வேலி சேர்ந்துவிடலாமே, இது என்ன வம்பு என்று. நானும் சேர்ந்துதான் பேசினேன். பிறகுதான் தெரிந்தது, செய்துங்கநல்லூர்ப் பக்கம் ஜல்லியெல்லாம் வெள்ளத்தில் போய்த் தண்டவாளம் அந்தரத்தில் தொங்கிக்கொண்டிருந்தது. ‘போகாதே’ என்று முடிவெடுத்த அந்த ரயில்வேக்காரரை யாரும் படமாக எடுக்கமாட்டார்கள். பாலம் உடைந்து கைகளால் தாங்கினால்தானே சீன். இங்கே ஒன்றுமே நடக்கவில்லை, நடக்காமல் பார்த்துக்கொண்டார், அவ்வளவுதான்.

ஸ்பைடர் மேன் ரயில் சீனில், மயங்கி விழுகிறவனைப் பயணிகள் தலைக்கு மேல் தூக்கிக் கை மாற்றி உள்ளே கொண்டுபோவார்கள். முகமூடி இருக்காது, பையனுக்கு வயது இவ்வளவுதானா என்று பார்ப்பார்கள். எங்களுக்கும் பக்கத்து ஊர்க்காரர்கள் கோயிலில் உலை வைத்துச் சோறு பொங்கிப் போட்டார்கள். எனக்குக் கிடைத்தது உப்புக் கூடின சோறு. அதை அள்ளி வைத்த ஆச்சியின் வீட்டுக்குள்ளும் தண்ணீர் ஏறியிருந்தது, மறுநாள்தான் பேச்சுவாக்கில் சொன்னாள்.

கல்லிடை_சர்வீஸ்:

எல்லாவற்றையும் படித்தேன். லோகனை நேற்று ராத்திரி பார்த்தேன், வாத்தியார் சார். பாதியில் நிறுத்திவிட்டு வெளியே போய் நின்றேன்.

முதலில் எழுதும்போது ஒன்றை விட்டுவிட்டேன். குப்பைத்தொட்டியில் போட்ட பிறகு ஒரு தீ விபத்து வரும், ஞாபகம் இருக்கிறதா? பீட்டர் சக்தி இல்லாமலேயே உள்ளே போய் ஒரு பிள்ளையைத் தூக்கி வந்துவிடுவான். அப்பாடா என்று மூச்சு விடும்போது, நாலாவது மாடியில் ஒருத்தர் மாட்டிக்கொண்டு செத்துப்போய்விட்டார் என்று தீயணைப்புக்காரர்கள் பேசிக்கொள்வார்கள். அவனைப் பார்த்துச் சொல்லக்கூட இல்லை.

போன கொடையில் எங்கள் ஊரில் வேட்டைக்கு யாரும் ஓடவில்லை. ஆடி மாதம் கன்னடியன் கால்வாயில் குளிக்கப் போன ஒரு பையன் தவறிவிட்டான். இரண்டுக்கும் சம்பந்தம் இல்லை, தண்ணீர் திறந்துவிட்ட நேரம், அவனுக்கு நீச்சல் தெரியாது. ஊரில் ஒரு ஆள் என்னைக் குறை சொல்லவில்லை. அவனுடைய தாத்தா ஒரு நாள் கடைக்கு வந்தார். பையனுடைய போனுக்குக் கண்ணாடி ஒட்டச் சொன்னார். சுத்தமாகத் துடைத்து, குமிழி இல்லாமல் ஒட்டிக் கொடுத்தேன். காசு வேண்டாம் என்றேன். கேட்கவில்லை, நூறு ரூபாயை மேஜையில் வைத்தார். என்னை ஒரு நிமிஷம் பார்த்துக்கொண்டு நின்றார். அப்புறம் படியிறங்கிப் போய்விட்டார்.

சம்பந்தம் இல்லை என்று எனக்குத் தெரியும். அவருக்கும் தெரியும் என்றுதான் நினைக்கிறேன்.

டைலர் பாய், டிரங்குப் பெட்டியைத் திறந்து பார்த்தேன். சல்லடத்தில் ஏழு மணி இல்லை. தொடைப் பக்கம் லைனிங் கிழிந்து, அப்பா தானே கறுப்பு நூலால் கோணல்மாணலாகத் தைத்து வைத்திருக்கிறார். அதைப் பிரிக்காமல் மற்றதை மட்டும் சரி செய்ய முடியுமா? கடை எத்தனை மணி வரைக்கும் இருக்கும்? இடுப்பளவு யாருக்கு எடுப்பது என்று வெள்ளிக்கிழமைக்குள் வீட்டில் பேசிவிடுவோம்.

மேலப்பாளையம்_டைலர்:

ஒன்பதரை வரை இருப்பேன். அந்தத் தையலில் கை வைக்கமாட்டேன். மணி ஒண்ணு மாதிரிக்குக் கொண்டு வாங்க, சத்தம் ஒத்துப்போகணும்.