ஆம்பளைங்க உடம்பு பத்தி குறும்படம், கண்ணாடி சீன் தப்பாப் போகுது, உதவி பண்ணுங்க

ஒத்தையடி:
வணக்கம் மக்களே, சொந்தக் காசு போட்டு ஒரு குறும்படம் எடுக்கறேன். ஹீரோவுக்கு கை தேக்குக் கட்டை மாதிரி இருக்கும், ஆனா அவன் கண்ணுக்கு அது குச்சியாத்தான் தெரியும், அந்த வேதனைதான் படமே. மொத நாள் ஃபுட்டேஜ் பாத்ததும் பகீர்னு ஆயிருச்சு, கண்ணாடி முன்னாடி நிக்கற சீன்ல உடம்பு அவ்ளோ அழகா விழுந்திருக்கு, ஜிம் விளம்பரமேதான். பாக்கற பையன் நாமளும் இப்படி ஆகணும்னுதானே நெனப்பான்? நடிகர்கிட்ட சட்டையக் கழட்டச் சொல்லவே இப்ப கூசுது. எப்படி எடுக்கறது?

ரெண்டுசட்டை:
ப்ரோ, அந்தப் பையனா ஆறு வருஷம் இருந்தவன் நான். கண்ணாடி பாத்தத விட அதுக்குப் பயந்து ஒதுங்கினதுதான் அதிகம். கொளுத்துற வெயில்லயும் ரெண்டு டீஷர்ட், அதுக்கு மேல ஒரு ஹூடி, தோள் பெருசாத் தெரியணும்னு. அக்கா கல்யாணத்தன்னைக்கு டப்பால கொண்டுபோன அளந்த சாப்பாட்ட பார்க்கிங்ல நின்னு தின்னுட்டு இருந்தேன், உள்ள குடும்ப போட்டோவுக்கு என்னத் தேடிட்டு இருந்திருக்காங்க. அந்த போட்டோல நான் இல்ல. அத எடுங்க, சட்டையக் கழட்டவே வேணாம்.

மனசுபேசும்:
இதுக்கு மசில் டிஸ்மார்ஃபியான்னு பேரு, 1997ல ஹாரிசன் போப்னு ஒரு அமெரிக்க மனநல டாக்டரோட குழு வெச்ச பேரு, 2013ல வந்த டிஎஸ்எம்-5ல, அதாவது மனநல டாக்டருங்க நோயக் கண்டுபிடிக்க வெச்சிருக்கற கையேட்டுல, பாடி டிஸ்மார்ஃபிக் டிஸார்டருக்குள்ள (உடம்புல இல்லாத கொறைய இருக்கறதா நெனச்சு தவிக்கற நோய்) ஒரு வகையா சேத்துட்டாங்க. அதனால அவன அழகுத் திமிர் புடிச்சவனா காட்டிறாதீங்க, அது நோய். எடை, கலோரி, ஊசி அளவுன்னு எந்த நம்பரும் திரையில வேணாம், கஷ்டத்துல இருக்கறவன் அத அப்படியே டார்கெட்டா எடுத்துக்குவான். ஸ்டீராய்டு வருதுன்னா நிறுத்தினதுக்கு அப்பறம் வர்ற மாசங்கள காட்டுங்க, அந்த மருந்த வெளிய இருந்து ஏத்தறதால உடம்பு தானா டெஸ்டோஸ்டீரோன்ங்கற ஆண் ஹார்மோன் சுரக்கறத கொறச்சிருக்கும், மருந்தையும் விட்டதும் ரெண்டுமில்லாம மனசு பாதாளத்துக்குப் போயிரும். பட்டினி கெடந்தா மனசு என்ன ஆகும்னு புரிய மினசோட்டா ஆராய்ச்சி பத்தி தேடிப் படிங்க, 1944-45ல 36 ஆரோக்கியமான ஆம்பளைங்கள ஆறு மாசம் அரைவயித்துல வெச்சாங்க, அவங்க சமையல் புத்தகத்த வெச்சுப் படிச்சுட்டு கெடந்தாங்க, சிடுசிடுப்பு, சோர்வு, யார்கூடவும் ஒட்டாமப் போறது எல்லாம் வந்துச்சு. உங்க நடிகரையும் தயவுசெஞ்சு உடம்ப ஏத்து எறக்குன்னு படுத்தாதீங்க.

ஃபோகஸ்புல்லர்:
லைட்டு சைடுலயும் மேல இருந்தும் அடிச்சிருப்பீங்க, அதான் தசை வெட்டு வெட்டா எந்திரிச்சு நிக்குது. முன்னாடி இருந்து சாஃப்டா கொடுங்க, ஸ்லோ மோஷன் வேணாம். கேமரா முகத்துல நிக்கட்டும், டீஷர்ட்ட இழுத்து இழுத்து விடற கை மட்டும் ஃப்ரேம் ஓரத்துல வரட்டும்.

ஒத்தையடி:
கண்ணாடி சீன தூக்கிட்டேன். @ரெண்டுசட்டை அந்த பார்க்கிங் சீன எழுதிப் பாத்தேன், கை நடுங்கிருச்சு. நீங்க சரின்னு சொல்லாம ஒரு ஷாட் கூட எடுக்க மாட்டேன்.

ரெண்டுசட்டை:
எடுங்க ப்ரோ. மியூசிக் மட்டும் வேணாம், டப்பா மூடி தொறக்கற சத்தமும், உள்ள இருந்து என் பேரச் சொல்லிக் கூப்பிடறதும் கேட்டாப் போதும்.