பாகப்பிரிவினை வழக்கு நடக்கும் வீட்டுக்கு மின் இணைப்பை மறுக்கலாமா?

கேள்வி (கோத்தகிரி வட்டம்)

வணக்கம். என் தாயார் திருமணமாகி வந்த நாள் முதல் கோத்தகிரி அருகிலுள்ள எங்கள் பூர்விக வீட்டில்தான் குடியிருக்கிறார். தந்தையார் காலமாகிவிட்டார். மின் இணைப்பு, காலமான தாத்தாவின் பெயரில் இருந்தது. சித்தப்பா பாகப்பிரிவினை கேட்டு உதகை சார்பு நீதிமன்றத்தில் வழக்குத் தொடர்ந்த பிறகு, அவர் மின் அலுவலகத்துக்குக் கொடுத்த கடிதத்தின் பேரில் இணைப்பைத் துண்டித்து, மீட்டரையும் கழற்றிச் சென்றுவிட்டார்கள். கட்டணப் பாக்கி எதுவும் இல்லை. தாயார் பெயரில் புதிய இணைப்புக் கேட்டால், வழக்கு முடியட்டும் அல்லது பங்காளிகள் அனைவரும் ஒப்புதல் தரட்டும் என்று வாய்மொழியாகச் சொல்லி, மனுவையே வாங்க மறுக்கிறார்கள். இருட்டியதும் காட்டெருமையும் கரடியும் தேயிலைச் செடிகளுக்குள்ளிருந்து வாசல் வரை வரும் இடம் இது. பனிக்காலமும் தொடங்கிவிட்டது. சட்டம் என்ன சொல்கிறது?

மறுமொழி (உதகை, வழக்கறிஞர்)

ஐயா, அந்த வீடு யாருக்குச் சொந்தம் என்பதை உரிமையியல் நீதிமன்றம் தீர்மானிக்கும். அங்கே சட்டப்படி குடியிருப்பவர் யார் என்பதை மட்டுமே மின் அலுவலகம் பார்க்க வேண்டும். 2003ஆம் ஆண்டு மின்சாரச் சட்டத்தின் 43ஆம் பிரிவு, உரிமையாளர் கேட்டாலும் குடியிருப்பவர் கேட்டாலும் மின்சாரம் வழங்குவது உரிமதாரரின், அதாவது மின் வழங்கும் நிறுவனத்தின் கடமை என்கிறது. தவறினால் நாளொன்றுக்கு 1,000 ரூபாய் வரை அபராதம் விதிக்கவும் அதில் இடமுண்டு. 2022 மே மாதம் திலீப் எதிர் சதீஷ் வழக்கில் உச்ச நீதிமன்றம், மின்சாரம் அடிப்படை வசதி என்றும், வீட்டு உரிமையாளர் தடையில்லாச் சான்று தரவில்லை என்பதற்காக வாடகைதாரருக்கு அதை மறுக்க இயலாது என்றும் கூறியது. வாடகைதாரருக்கே அவ்வாறென்றால், பங்குரிமையோடு குடியிருக்கும் தங்கள் தாயாரின் நிலை அதைவிட வலுவானது.

ஒப்புதல் கிடைக்காதவர்களுக்கான வழியைத் தமிழ்நாடு மின் பகிர்மான விதித்தொகுப்பின் 27(4)ஆம் விதியே வைத்திருக்கிறது. உரிமையாளர் ஒப்புதல் தர மறுத்தால், சட்டப்படியான குடியிருப்புக்கு ஆதாரமும், தகராறினால் வரும் இழப்புக்குப் பொறுப்பேற்கும் ஈட்டுறுதிப் பத்திரமும் கொடுத்து, வைப்புத்தொகையை இரு மடங்காகச் செலுத்தி இணைப்புப் பெறலாம். வழக்கு முடியும் வரை காத்திருக்கச் சொல்வதற்கு இந்த விதியில் இடமில்லை.

துண்டித்ததே தவறு என்பதையும் விட்டுவிடாதீர்கள். மின்சாரச் சட்டத்தின் 56ஆம் பிரிவின்படி, கட்டணப் பாக்கிக்காக, 15 நாள் எழுத்துமூல அறிவிப்புக்குப் பிறகுதான் துண்டிக்கலாம். நுகர்வோரே கேட்டிருந்தால் அது வேறு. ஆனால் பதிவிலிருந்த நுகர்வோர் காலமாகிவிட்ட நிலையில், வாரிசுகளில் ஒருவரான சித்தப்பா மற்றவர்களை விலக்கிவிட்டு அந்த இடத்தில் நின்று கடிதம் கொடுக்க முடியாது.

மறுமொழி (குன்னூர், மின் துறையில் ஓய்வு பெற்றவர்)

மனுவைக் கையில் கொடுத்துக் காத்திருக்க வேண்டாம். இணையவழியில் பதிவு செய்து, விண்ணப்ப எண்ணைப் பெற்றுக்கொள்ளுங்கள். குடும்ப அட்டை, வீட்டு வரி ரசீது, எரிவாயு ரசீது, பழைய மின் கட்டண ரசீதுகள், தாத்தா மற்றும் தந்தையாரின் இறப்புச் சான்றுகள், வாரிசுச் சான்று ஆகியவை தேவைப்படும். மின்சார நுகர்வோர் உரிமை விதிகளில் 2024இல் செய்த திருத்தம், புதிய இணைப்புத் தர ஊரகப் பகுதிகளுக்கான காலக்கெடுவை 15 நாளாகக் குறைத்தாலும், மலைப்பாங்கான ஊரகப் பகுதிகளுக்கு 30 நாளாகவே வைத்திருக்கிறது. அதற்குள் நடவடிக்கை இல்லையென்றால் மின் பகிர்மான வட்ட அளவிலான மின்நுகர்வோர் குறைதீர்க்கும் மன்றத்திலும், அதன் பிறகு மின்குறைதீர்ப்பாளரிடமும் முறையிடலாம்.

எதிர்த்தரப்பினர் பெரும்பாலும் அஞ்சுவது, மின் ரசீதைக் காட்டி வீட்டையே எழுதிக்கொள்வார்களோ என்றுதான். மின் இணைப்பு யாருக்கும் சொத்துரிமை தருவதில்லை. தங்கள் தாயாரும் இதனை மனுவிலேயே எழுதிக்கொடுத்தால், சித்தப்பாவின் ஆட்சேபத்துக்கு அடிப்படையே இல்லாமல் போகும்.

மறுமொழி (கூடலூர்)

எங்கள் பகுதியில் இதே வாதம் எளிதில் செல்லுபடியாவதில்லை என்பதை, இதைப் படிக்கும் பந்தலூர், கூடலூர் அன்பர்களுக்காகச் சொல்கிறேன். 1969ஆம் ஆண்டு கூடலூர் ஜென்ம நிலங்கள் (பரம்பரை நிலவுடைமையாளர்களான ஜென்மிகளின் நிலங்கள்) ஒழிப்புச் சட்டத்தின் 17ஆம் பிரிவுக்குள் வரும் நிலங்களில் தகராறு அரசோடு என்பதால், குடியிருப்புச் சட்டப்படியானதா என்ற கேள்வியே முதலில் எழுகிறது. தலைமுறையாக விளக்கில்லாமல் பிள்ளைகள் படித்த வீடுகள் இங்கே உண்டு. வன உரிமைச் சட்டத்தின்கீழ் வரும் குடியிருப்புகளானால், 3(2)ஆம் பிரிவு மின்கம்பி கொண்டுசெல்ல ஒரு எக்டேருக்குக் குறைவான வனநிலத்தை, கிராம சபையின் பரிந்துரையுடன் ஒதுக்க இடம் தருகிறது.

கேள்வி கேட்டவர்

அனைவருக்கும் நன்றி. வழக்கில் தற்போதைய நிலை தொடர வேண்டும் என்ற இடைக்கால உத்தரவு இருக்கிறது. இது தடையாகுமா?

மறுமொழி (உதகை, வழக்கறிஞர்)

உத்தரவின் தேதியைப் பாருங்கள். இணைப்பு இருந்த காலத்தில் பிறப்பிக்கப்பட்டிருந்தால், அதன் பிறகு துண்டிக்கவைத்ததுதான் நிலையை மாற்றிய செயல்; அதே வழக்கில் இணைப்பை மீட்டுத்தரக் கோரி இடைக்கால மனுத் தாக்கல் செய்யலாம். துண்டித்த பிறகு வந்த உத்தரவாக இருந்தால், மின் அலுவலகத்துக்குப் போகும் முன் அந்த நீதிமன்றத்திடமே அனுமதி கேளுங்கள். எப்படியானாலும் உத்தரவின் சான்றிட்ட நகலை மனுவோடு இணைத்துவிடுங்கள். பின்னர் மறைத்தார்கள் என்ற பேச்சுக்கு இடம் தர வேண்டாம்.