கேமரா தண்ணீரில் விழும் காட்சி: சிரிப்பா, இளக்காரமா?

இரவுக்காட்சி: ‘சூப்பர்மென் ஆஃப் மாலேகான்’ (2008) ஏழைகளைக் கேலி செய்யும் ஆவணப்படம் என்று நேற்று ஒருவர் இங்கே எழுதியிருந்தார். படித்ததிலிருந்து வயிறு எரிகிறது. மகாராஷ்டிரத்தின் விசைத்தறி ஊரான மாலேகானில் வீடியோ பார்லர் நடத்திய ஷேக் நாசிர், மாட்டுவண்டியைக் கிரேனாக்கித் தன் சொந்த சூப்பர்மேன் படம் எடுக்கிறார். தறி ஓட்டும் ஷஃபீக்தான் சூப்பர்மேன். அதை ஆவணப்பட இயக்குநர் ஃபைசா அகமது கான் அவர்களோடு கூடவே இருந்து எடுத்திருக்கிறார். இதில் கேலி எங்கே?

கரிசல்: எழுதியது நான்தான். பெயரைச் சொல்லியே கேட்கலாம். படப்பிடிப்பில் நாசிரின் கேமரா தண்ணீரில் விழுகிறதே, அங்கேதான். அவர்கள் பிழைப்பே போகிறது, பார்க்கிறவன் சிரிக்கிறான். அதை ஃபைசா ஏன் வைத்தார்?

இரவுக்காட்சி: வைக்காமல்? கேமரா போனால் படப்பிடிப்பு நிற்கும். அதைக் காட்டாமல் அவர்கள் பட்ட பாட்டை எப்படிச் சொல்வது?

கரிசல்: பாட்டைச் சொல்லட்டும். சிரிப்பை ஏன் மூட்ட வேண்டும்? கேமரா தண்ணீரில் விழுந்தது. அதற்கு முதலில் பதில் சொல்லுங்கள்.

பாவுநூல்: எங்கள் வீட்டில் மூன்று தலைமுறையாகத் தறி. எனக்குச் சிரிப்பு வரவில்லை. ஷஃபீக்கின் ஒல்லி உடம்பைப் பார்த்ததும் என் சித்தப்பா ஞாபகம்தான் வந்தது. வெள்ளிக்கிழமை தறி நின்றால் மாலேகானே சினிமாவுக்குக் கிளம்பும். அது தெரியாதவர்கள் பேசக் கூடாது.

கரிசல்: வந்துட்டாருய்யா தறிக்கு ஏஜென்ட். தறி ஓட்டினவன்தான் பேசணும்னா, எடுத்த அம்மா எத்தனை தறி ஓட்டினாங்க?

பாவுநூல்: மரியாதையாகப் பேசுங்கள். போன வருஷம் கூத்துக்கலைஞர் படத்துக்கும் இப்படித்தான் பார்க்காமலே தீர்ப்பு எழுதினீர்கள்.

கரிசல்: பார்த்தேன். இரண்டு தடவை பார்த்தேன். அதை ஏன் இங்கே இழுக்கிறீர்?

டிக்கெட்: ரீமா காக்தி எடுத்த ‘சூப்பர்பாய்ஸ் ஆஃப் மாலேகான்’ 2025இல் வந்ததே, அதைப் பாருங்கள். இதைவிட நெஞ்சைத் தொடும்.

இரவுக்காட்சி: அது நடிகர்களை வைத்து எடுத்த கதைப்படம். இதில் இருப்பவன் நிஜ ஷஃபீக். நாசிரின் படத்தில் புகையிலை வில்லனோடு சண்டை போட்டவன், ஆவணப்படம் 2012இல் தியேட்டருக்கு வருமுன்பே வாய்ப்புற்றுநோயில் போய்விட்டான். அவன் பறந்தது இந்தப் படத்தில்தான் பத்திரமாக இருக்கிறது. நாசிர் படத்தின் எழுத்தாளர் ஃபரோக் ஜாஃப்ரி பம்பாய்க் கனவைப் பேசும் இடத்தில் யார் சிரித்தார்கள்? ஒருவரைக் காட்டுங்கள்.

கரிசல்: ஃபரோக்கைப் பற்றி நான் பேசவே இல்லையே. கேமராவைப் பற்றிக் கேட்டேன்.

டிக்கெட்: கதைப்படம் என்றால் மட்டமா? அதையும் விளக்குங்கள்.

இரவுக்காட்சி: உங்களுக்குப் பிறகு பதில் சொல்கிறேன். கரிசல், கடைசியாகக் கேட்கிறேன். விழுந்த கேமராவை மறைத்துவிட்டு, எல்லாம் சுகமாக நடந்தது என்று காட்டினால் அது நாசிருக்கு மரியாதையா?

கரிசல்: கேள்விக்குக் கேள்வி பதிலாகாது. கேமரா தண்ணீரில் விழுந்தது, நீங்கள் சிரித்தீர்களா இல்லையா?

பாவுநூல்: நான் சிரிக்கவில்லை என்று முதலிலேயே சொன்னேன்.

கரிசல்: உம்மைக் கேட்கவில்லை.