புதுப்பிப்பு: ஓய்வுக்குப் பின் பதவி உயர்வு கேட்பது

ஓய்வுபெற்ற அரசுப் பள்ளி ஆசிரியர்கள் விடுபட்ட பதவி உயர்வைக் கேட்கலாம் என்று முன்பு எழுதியிருந்தேன். அதில் ஒரு திருத்தம். பணியில் இருந்தபோது உயர் பணியிடம் காலியாக இருந்தது என்பது மட்டும் போதாது. உயர் பதவியில் பொறுப்பேற்ற நாளிலிருந்தே பதவி உயர்வு என்று 2024 நவம்பரில் ஒரு மேற்கு வங்க வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது.

நீங்கள் பணியில் இருந்தபோதே பணிமூப்பில் இளையவர் உங்களைத் தாண்டிப் பதவி உயர்வு பெற்றிருந்தால் நிலைமை வேறு. வாதம் நிற்பது அங்கேதான். அந்த ஆண்டின் பேனல் (பதவி உயர்வுக்குத் தகுதியானவர்கள் பட்டியல்), பணிமூப்புப் பட்டியல், இளையவர் பொறுப்பேற்ற தேதி மூன்றையும் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் 10 ரூபாய் கட்டிக் கேளுங்கள். தமிழ்நாட்டில் பணிமூப்பைத் திருத்தக் கோர 3 ஆண்டு வரம்பு உண்டு. தாமதித்தவர்களின் மனு விழுவது இதில்தான்.

வென்றாலும் பெரும்பாலும் கருத்தியல் (notional) பதவி உயர்வுதான், அதாவது ஏட்டளவில் மட்டும். நிலுவைச் சம்பளம் இராது. ஓய்வூதியத்தைத் திருத்தும்படி உத்தரவில் தனி வரி இருக்கிறதா என்று கட்டாயம் பாருங்கள்.