நாதஸ்வர பிளக்இன் ஏபிள்டன் லைவ்ல (பாட்டு அமைக்கிற மென்பொருள்) வரமாட்டேங்குது, அவசரம்

தேக்கா_தாளம்:
புது லேப்டாப் மாத்தினதுலேருந்து, நாதஸ்வர சத்தம் தர்ற அந்தத் துணை மென்பொருளை லைவ் லிஸ்ட்லயே காட்டல. மூணு தடவை இன்ஸ்டால் பண்ணிட்டேன். சனிக்கிழமை சமூக மன்றத்துல தீபாவளி நிகழ்ச்சி, பிள்ளைங்க ஆட்டத்துக்கு டிராக் கொடுக்கணும். உதவுங்க.

ஈசூன்_பேஸ்:
மேக்கா விண்டோஸா? லைவ் எந்த வெர்ஷன்? பிளக்இன் எப்ப வாங்கினது?

கீபோர்ட்_மாமா:
ஆன்டிவைரஸ்தான். எனக்கும் இப்படித்தான் ஆச்சு. நிறுத்திட்டு ஸ்கேன் பண்ணுங்க.

மிக்ஸ்_வாத்தியார்:
விவரம் எழுதிட்டுக் கேளுங்கன்னு எத்தனை வருஷமா சொல்றேன். டாக்டர்கிட்ட போய் "முடியல"ன்னு மட்டும் சொல்வீங்களா? பழைய பிளக்இன் வடிவமான விஎஸ்டி2-ஆ இருக்கும். அதை உருவாக்கின ஸ்டைன்பெர்க் கம்பெனியே 2018ல கைவிட்டாச்சு.

ஈசூன்_பேஸ்:
புதுசா பிளக்இன் எழுதுறவங்களுக்கு எஸ்டிகே (அதுக்கான கருவித்தொகுப்பு) தர்றதைத்தான் நிறுத்தினாங்க. லைவ் இன்னும் விஎஸ்டி2 எடுக்கும்.

உறுமி_உட்லண்ட்ஸ்:
பிளக்இன் எதுக்குங்க? கோயில்ல வாசிக்கிறவரைக் கேளுங்க. தோடி ராகத்துல காந்தார சுரத்தோட அசைவு, பதிவு பண்ணி வச்ச சாம்பிள்ல வராது.

கீபோர்ட்_மாமா:
பிட்ச் பெண்ட் ரேஞ்சை, அதாவது சுருதியை வளைக்கிற அளவை, கூட்டினா வரும். 2 செமிடோன்லயே விட்டுட்டுக் குறை சொல்லக்கூடாது.

உறுமி_உட்லண்ட்ஸ்:
சுருதி வளையும், சரி. மூச்சு? வாயில வச்சு ஊதுற சீவாளியில அழுத்தம் மாறும்போது நாதமே மாறுது. பிள்ளைங்க அதைக் கேட்டு வளரணும்.

மிக்ஸ்_வாத்தியார்:
சனிக்கிழமைக்குள்ள யாரை ஒத்திகைக்குக் கூப்பிடுவீங்க? இதுக்குத் தனி இழை போடுங்க.

தேக்கா_தாளம்:
மன்னிக்கணும், வேலையில இருந்தேன். மேக் எம்3, லைவ் 12. பிளக்இன் 2017ல வாங்கினது. ஆப்பிளோட லாஜிக் மென்பொருள்ல மட்டும் சத்தம் வருது.

ஈசூன்_பேஸ்:
லாஜிக்ல வருதுன்னதுல பிடிபட்டுடுச்சு. இன்டெலுக்குப் பதிலா ஆப்பிள் சொந்தமா போட்ட எம்1 சிப் வந்தது 2020 நவம்பர்ல, உங்க எம்3யும் அந்த வரிசைதான். உங்க பிளக்இன் அதுக்கு முந்தினது, இன்டெலுக்கு மட்டும் எழுதினது. லாஜிக் அந்த மாதிரி ஏயூவை (ஆப்பிள் வடிவ பிளக்இன்) தனியா ரொசெட்டாவுல, அதாவது இன்டெல் மென்பொருளைப் புது மேக்ல ஓட வைக்கிற வசதியில, ஓட்டிக்கும். லைவ் அப்படிச் செய்யாது, முழுசா ரொசெட்டாவுல திறந்தாத்தான் கண்ணுக்குத் தெரியும்.

லைவை மூடுங்க. ஃபைண்டர்ல அப்ளிகேஷன்ஸ் போய் லைவ் மேல கெட் இன்ஃபோ, "ஓபன் யூஸிங் ரொசெட்டா"வை டிக் பண்ணுங்க. திறந்ததும் பிளக்இன்ஸ் செட்டிங்ல ஆப்ஷன் கீயை அழுத்திக்கிட்டே ரீஸ்கேன் கொடுங்க, எல்லாத்தையும் முதல்லேருந்து தேடும். அப்படியே விட்டுடாதீங்க, ரொசெட்டாவுல சிபியு அதிகம் இழுக்கும். நாதஸ்வர டிராக்கை ஃப்ரீஸ் பண்ணி ஃப்ளாட்டன் கொடுத்து ஆடியோவா மாத்திக்கங்க. மிடி (சுரக் குறிப்பு) நகல் ஒண்ணு தனியா இருக்கட்டும். அப்புறம் டிக்கை எடுத்துட்டு மிக்ஸ் பண்ணுங்க. தயாரிச்சவங்க தளத்துல புது இன்ஸ்டாலர் இருக்கான்னும் பாருங்க.

கீபோர்ட்_மாமா:
எனக்கு ஆன்டிவைரஸ்தான் காரணமா இருந்துச்சு.

தேக்கா_தாளம்:
வந்துடுச்சுண்ணே! ஃப்ளாட்டன் பண்ணியாச்சு. ஒத்திகைக்குக் கிளம்புறேன், நன்றி.