கடற்கோட்டை மறியல் (சிறை): விடுதியோ, நினைவகமோ?

கரையூரான்:
யாழ்ப்பாணத்திலை காரைநகருக்கும் ஊர்காவற்றுறைக்கும் நடுவிலை கடலுக்குள்ளை நிக்கிற ஹம்மன்ஹீல் கோட்டை இப்ப கடற்படை நடத்திற விடுதி. போர்த்துக்கேயர் கட்டினது, 1658இல் ஒல்லாந்தர் பிடிச்சது, வெள்ளைக்காரன் மறியலாக்கினது. 1971இல் அரசாங்கத்துக்கு எதிராக் கிளர்ச்சி செய்து பிடிபட்ட ஜே.வி.பி. எண்ட இடதுசாரிக் கட்சியின்ர சிங்களப் பெடியளையும் அங்கை அடைச்சவை. ஆக்களைப் பூட்டி வைச்ச இடத்தை வாடகைக்கு விடுறதோ? அந்தமான் செல்லுலார் சிறையை 1979இல் தேசிய நினைவகமாக்கினமாதிரி இதையும் ஆக்கவேணும்.

ஊர்க்குருவி:
அண்ணை, அந்தமான் கதையை முழுசாச் சொல்லுங்கோ. 1906இல் கட்டி முடிக்கேக்கை ஏழு சிறகு, 698 அறை. மிஞ்சினது மூண்டு சிறகு. இடிச்ச இடத்திலை ஆஸ்பத்திரி வந்தது. அங்கை கைதியாக் கிடந்தவை எதிர்த்து நிண்டபடியால்தான் இதாவது தப்பினது. இஞ்சை ஆர் எதிர்க்கப் போயினம்? விடுதி நடக்கிறபடியால்தான் கூரை நிக்குது. பூட்டிக் கிடந்தால் ஆலும் அரசும் முளைச்சுச் சுவரைப் பிளந்திருக்கும்.

கரையூரான்:
கூரை நிண்டால் காணுமோ தம்பி? அந்தமானிலை ஒரு சிறகின்ர முகப்பு மற்றச் சிறகின்ர முதுகைத்தான் பாக்கும். கைதி இன்னொரு கைதியின்ர முகத்தைக் காணக் கூடாதெண்டே கட்டினது. அறை பதின்மூண்டரை அடி நீளம், ஏழரை அடி அகலம், சன்னல் தலைக்கு மேலை. உள்ளுக்கை போய் நிண்டால் ஒருத்தரும் விளங்கப்படுத்தத் தேவையில்லை.

வடலி:
நினைவகம் எண்டால் ஆற்ற நினைவு? யாழ்ப்பாணக் கோட்டைக்குள்ளையும் மறியல் இருந்தது. 1990இல் புலியள் முற்றுகை போட்டுப் பிடிச்ச கோட்டை. 1706இல் கட்டின ஒல்லாந்தர் தேவாலயம் சண்டையிலை கல்லும் மண்ணுமாப் போச்சு. பிறகு ஒல்லாந்து காசிலை மதிலைத் திருத்திச்சினம். மதிலைத் திருத்தினால் பிரச்சினை வராது. நினைவுப் பலகை எழுதேக்கைதான் வரும். எழுதப்போறவையும் கடற்படைதானே?

கரையூரான்:
ஹம்மன்ஹீல் விடுதியை மூடச் சொல்லேல்லை. ஒரு அறையை ஒதுக்குங்கோ. 1971இல் அங்கை கிடந்த ஆக்கள் இப்ப எழுபது தாண்டினவை. இருக்கிறவையின்ர வாயாலையே பதிஞ்சு வையுங்கோ, சிங்களத்திலை சொன்னாலும் பரவாயில்லை.

வடலி:
வடிவான கதை. சிங்களப் பெடியளின்ர மறியலுக்கு எங்கட கடலிலை அறை. எங்கட பெடியளுக்கு எந்த ஊரிலை?

கரையூரான்:
கொழும்பு வெலிக்கடை மறியலிலை. 1983 ஜூலை 25உம் 27உம் அங்கை 53 தமிழ்க் கைதியளைக் கொன்றவை. அதுவும் வெள்ளைக்காரன் 1841இல் கட்டினதுதான், இண்டைக்கும் மறியலாவே நடக்குது. இஞ்சை ஒரு அறையைக் குடுத்திட்டு அங்கை போய்க் கேட்டால் வாய்க்கு வலு இருக்கும்.

ஊர்க்குருவி:
குடுக்கிறது நாங்களோ அண்ணை? திறப்பு ஆற்ற இடுப்பிலை கிடக்குது?